நடைச்சீட்டு இருந்தும் லாரியைப் பிடித்தால்: வாசகர் சட்டக் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: நானும் என் கணவரும் வங்கிக் கடன் வாங்கிச் சொந்த வீடு கட்டி வருகிறோம். தளம் போடுவதற்காகக் கிரஷரில் (கல் உடைக்கும் ஆலையில்) பணம் கட்டி 4 யூனிட் எம்-சாண்ட் (கல்லை உடைத்துச் செய்த மணல்) வாங்கி, லாரியை நாங்களே வாடகைக்கு அமர்த்தி ஏற்றி வந்தோம். பில்லும், கனிமத்தை ஏற்றிச் செல்வதற்கான அனுமதியான நடைச்சீட்டும் ஓட்டுநரிடம் இருந்தன. ஊருக்குள் நுழையும் இடத்தில் வருவாய்த் துறை அலுவலர் ஒருவர் லாரியை நிறுத்தி, சீட்டை வாங்கி வைத்துக்கொண்டு, வட்டாட்சியர் அலுவலக வளாகத்துக்குக் கொண்டுபோகச் சொல்லிவிட்டார். ஓட்டுநரிடம் எழுதாத தாளில் கையெழுத்து வாங்கியிருக்கிறார்கள். எங்களுக்கு எந்தத் தாளும் தரவில்லை. பதினொரு நாட்கள் ஆகிவிட்டன. ‘அபராதம் கட்டிவிட்டு எடுத்துப் போங்கள்’ என்கிறார்கள். கட்டிவிடலாமா? மணல் எங்களுக்குத் திரும்பக் கிடைக்குமா?
— வாசகி, திண்டுக்கல் மாவட்டம்

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, கட்டுவதற்கு முன்னால் இதை முழுவதும் படியுங்கள்.

‘மணல் லாரி பறிமுதல்’ என்று செய்தித்தாள்களில் நாள்தோறும் பார்ப்பதால், பிடித்த அன்றே பொருள் அரசுக்குச் சொந்தமாகிவிட்டது என்ற எண்ணம் நம்மில் பலருக்குப் பதிந்திருக்கிறது. சட்டத்தில் கைப்பற்றுவது வேறு, பறிமுதல் செய்வது வேறு. கைப்பற்றுவது என்பது விசாரணைக்காகப் பொருளைத் தற்காலிகமாகக் காவலில் வைத்திருப்பது. பறிமுதல் என்பது உங்கள் உரிமையை முற்றிலும் நீக்கி அரசுக்கு மாற்றுவது. சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் (மேம்பாடு மற்றும் ஒழுங்குமுறை) சட்டம், 1957இன் 21ஆம் பிரிவின் 4ஆம் உட்பிரிவு கைப்பற்றும் அதிகாரத்தைத் தருகிறது. அதை அடுத்து வரும் 4-ஏ உட்பிரிவோ, அப்படிக் கைப்பற்றிய கனிமத்தையும் வாகனத்தையும் பறிமுதல் செய்யும் அதிகாரம் குற்றத்தை விசாரணைக்கு ஏற்கும் தகுதியுள்ள நீதிமன்றத்துக்கே உரியது என்கிறது. அந்த நீதிமன்றமும் தானாக வழக்கை எடுத்துக்கொள்ள முடியாது. அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்து மூலம் புகார் கொடுத்தால் மட்டுமே இச்சட்டத்தின் கீழான குற்றத்தை ஏற்கலாம் என்பது 22ஆம் பிரிவு. ஆகவே, உங்கள் மணல் இன்றைக்கும் உங்களுடையதுதான்.

அடுத்து, கைப்பற்றியதே செல்லுமா என்பதைப் பார்க்க வேண்டும். 4ஆம் உட்பிரிவில் இரண்டு நிபந்தனைகள் இருக்கின்றன. கனிமத்தைத் தோண்டியவரோ ஏற்றிச் சென்றவரோ ‘சட்டப்படியான அதிகாரம் இல்லாமல்’ அதைச் செய்திருக்க வேண்டும். கைப்பற்றுபவர் அதற்கென அரசால் தனியாக அதிகாரம் அளிக்கப்பட்ட அலுவலராக இருக்க வேண்டும். நடைச்சீட்டு உண்மையானது, அதில் உள்ள வாகன எண், அளவு, தேதி, நேரம், இறக்குமிடம் ஆகியவை எல்லாம் லாரியோடு பொருந்துகின்றன என்றால் முதல் நிபந்தனை அங்கேயே விழுந்துவிடுகிறது. உங்கள் லாரியை நிறுத்தியவர் எந்தப் பதவியில் இருப்பவர், அந்தப் பதவிக்குக் கைப்பற்றும் அதிகாரம் அளிக்கப்பட்டிருக்கிறதா என்பது இரண்டாவது நிபந்தனை. நிறுத்திப் பார்த்து மேலதிகாரிக்குத் தகவல் சொல்வது வேறு, கைப்பற்றுவது வேறு என்பதால், இந்தக் கேள்வியை உங்கள் மனுவில் கட்டாயம் எழுப்புங்கள்.

உங்கள் கடிதத்தில் எனக்கு மிகவும் கவலை தந்தது இரண்டு செய்திகள். ஒன்று, அசல் நடைச்சீட்டை அவர்கள் வாங்கி வைத்துக்கொண்டது. மற்றொன்று, ஓட்டுநர் எழுதாத தாளில் கையெழுத்திட்டது. நாளைக்கே ‘சீட்டு எதுவும் காட்டப்படவில்லை’ என்று அந்தத் தாளில் எழுதப்பட்டுவிடக்கூடும். எனவே முதல் வேலையாகக் கிரஷருக்குச் சென்று, உங்கள் சீட்டின் எண், அது வழங்கப்பட்ட நேரம், அதன் அடிப்பிரதி, எடைமேடைச் சீட்டு, பணம் கட்டிய ரசீது ஆகியவற்றின் நகல்களைக் கிரஷர் உரிமையாளரின் கையொப்பத்துடன் வாங்கிக்கொள்ளுங்கள். அவர் எந்தக் குவாரியின் கல்லை உடைத்து விற்கிறார் என்பதற்கான ஆவணமும் கிடைத்தால் இன்னும் நல்லது. நேர்மையாகத் தொழில் செய்பவர் இதைத் தரத் தயங்கமாட்டார். தயங்கினால் அது உங்களுக்கு ஓர் எச்சரிக்கை. ஓட்டுநரும் நடந்ததைத் தன் சொந்த வார்த்தைகளில் எழுதிக் கையொப்பமிட்டு, வெற்றுத் தாளில் கையெழுத்து வாங்கப்பட்டதைக் குறிப்பிட்டு, மாவட்ட ஆட்சியருக்கு உடனே அனுப்பிவிட வேண்டும். நாள் கடந்து சொல்வதற்கும் அன்றே சொல்வதற்கும் நீதிமன்றத்தில் பெரிய வேறுபாடு உண்டு.

இனி அபராதத்துக்கு வருகிறேன். அலுவலகங்களில் ‘அபராதம்’ என்று சொல்லப்படுவது பெரும்பாலும் 23-ஏ பிரிவின் கீழான இணக்கத் தொகை. குற்றம் நடந்தது என்ற அடிப்படையில், வழக்கு நடத்தாமல் ஒரு தொகையைப் பெற்றுக்கொண்டு முடித்துக்கொள்ளும் ஏற்பாடு அது. உண்மையிலேயே சீட்டு இல்லாமல் ஏற்றி வந்தவருக்கு அது ஒரு வசதி. சீட்டோடு வந்த நீங்கள் ‘குற்றத்தை ஒப்புக்கொண்டு இணக்கமாகப் போகச் சம்மதிக்கிறேன்’ என்று எழுதிக் கொடுத்தால், பின்னால் கைப்பற்றியது தவறு என்று சொல்லவோ இழப்பீடு கேட்கவோ உங்களுக்கு வழி ஏறத்தாழ அடைபட்டுவிடும். அத்தோடு தொல்லை தீர்ந்துவிடும் என்ற உறுதியும் கிடையாது. இணக்கத் தொகை கட்டினால் கனிமச் சட்டத்தின் கீழான நடவடிக்கை மட்டுமே முடிவுக்கு வரும், திருட்டு முதலிய பொதுவான குற்றங்களுக்கான வழக்கை அது தடுக்காது என்று ஜெயந்த் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கில் 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. கையில் சரியான ஆவணம் இருக்கும்போது இந்தத் தொகையைக் கட்ட வேண்டாம் என்பதே என் கருத்து. வேறு வழியே இல்லாமல் கட்ட நேர்ந்தால், ‘குற்றத்தை ஒப்புக்கொள்ளாமல், என் உரிமைகளுக்குப் பாதகமின்றி, எதிர்ப்புடன் செலுத்துகிறேன்’ என்று எழுதி, அந்தக் கடிதத்தின் நகலில் அலுவலக முத்திரை வாங்கிய பிறகு கட்டுங்கள்.

மனுவை வட்டாட்சியர், மாவட்ட ஆட்சியர், புவியியல் மற்றும் சுரங்கத் துறையின் மாவட்ட அலுவலர் ஆகிய மூவருக்கும் ஒரே நாளில் கொடுங்கள். நேரில் கொடுத்தால் ஒப்புகைச் சீட்டு, அஞ்சலில் அனுப்பினால் ஒப்புகை அட்டை இரண்டையும் பத்திரப்படுத்துங்கள். மனுவில் நீளமான முறையீடு வேண்டாம். எந்த நாளில், எந்த நேரத்தில், எந்த இடத்தில், எந்தப் பதவியிலிருந்தவர் நிறுத்தினார். என்ன ஆவணம் காட்டப்பட்டது. மகஜர், அதாவது கைப்பற்றியதை விவரிக்கும் பதிவு, எழுதப்பட்டதா, அதன் நகல் தரப்பட்டதா. எந்தச் சட்டப் பிரிவின் கீழ் கைப்பற்றப்பட்டது. இன்றுவரை எந்த நீதிமன்றத்துக்குத் தெரிவிக்கப்பட்டது என்பவற்றைத் தனித்தனி வாக்கியங்களாகக் கேளுங்கள். சீட்டின் எண்ணைத் துறையின் பதிவேட்டில் சரிபார்த்து, குறிப்பிட்ட நாட்களுக்குள் பொருளை விடுவிக்குமாறு முடியுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005இன் கீழும் இதே விவரங்களைக் கேட்கலாம். ஆனால் அதற்கான காலம் 30 நாட்கள் என்பதால், அந்தப் பதிலுக்காக மற்ற நடவடிக்கைகளை நிறுத்தி வைக்கக் கூடாது.

மனு கொடுத்த பிறகும் அசைவில்லை என்றால், அடுத்த வழி உங்கள் விஷயத்தில் முதல் தகவல் அறிக்கை பதியப்பட்டிருக்கிறதா என்பதைப் பொறுத்தது. காவல் நிலையத்தில் வழக்குப் பதிந்திருந்தால் பொருள் நீதிமன்றத்தின் கட்டுப்பாட்டுக்குள் வந்துவிடும். அப்போது திரும்பக் கேட்டு நீதிமன்றத்தில்தான் மனுச் செய்ய வேண்டும். இச்சட்டத்துக்கெனச் சிறப்பு நீதிமன்றங்கள் அமைக்க வழி இருப்பதால், உங்கள் மாவட்டத்தில் எந்த நீதிமன்றம் என்பதை வழக்கறிஞர் மூலம் உறுதி செய்துகொள்ளுங்கள். வழக்கு எதுவும் பதியாமல், நீதிமன்றத்துக்கும் சொல்லாமல், வெறுமனே வளாகத்தில் நிறுத்தி வைத்திருந்தால், அரசமைப்பின் 226ஆம் உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுத் தாக்கல் செய்யலாம். சட்டத்தின் அதிகாரம் இன்றி யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்கிற 300-ஏ உறுப்பு உங்கள் பக்கம் நிற்கிறது. சொத்துரிமை 1978ஆம் ஆண்டின் 44ஆவது திருத்தத்தால் அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டாலும், அரசமைப்பு தரும் உரிமையாக இன்றும் நீடிக்கிறது. திண்டுக்கல் மாவட்டத்துக்கு உரியது சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. இப்படிப்பட்ட மனுக்களில் நீதிமன்றம் பல நேரங்களில் பொருளை நேரடியாக விடுவிக்காமல், உங்கள் மனுவை இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்து முடிவெடுக்குமாறு அலுவலருக்கு உத்தரவிடும். அதைத் தோல்வி என்று நினைக்காதீர்கள். எழுத்து மூலம் காரணம் சொல்ல வேண்டிய கட்டாயம் அதனால் அவருக்கு வருகிறது. அந்தக் காரணம் தவறாக இருந்தால் அதையே மீண்டும் எதிர்க்கலாம்.

ஒன்றைச் சொல்லியாக வேண்டும். கனிமக் கடத்தல் வழக்குகளில் நம் நீதிமன்றங்கள் கடுமையாகவே இருக்கின்றன. சட்டவிரோதமாக மணல் ஏற்றிய வாகனங்களை எளிதில் இடைக்காலமாக விடுவிக்கக் கூடாது என்று மதுரைக் கிளை 2018 அக்டோபரில் உத்தரவிட்டது. பாலாற்றிலும் தாமிரபரணியிலும் மணலை வழித்தெடுத்துவிட்டதால் நிலத்தடி நீர் இறங்கிப்போன ஊர்களைப் பார்த்தவர்கள் அந்தக் கடுமையைக் குறை சொல்ல மாட்டார்கள், நானும் சொல்லவில்லை. ஆற்று மணலை விட்டுவிட்டு எம்-சாண்டுக்கு வாருங்கள், சீட்டு வாங்கி முறையாக எடுத்துச் செல்லுங்கள் என்று அரசே சொல்கிறது. அதைக் கேட்டு நடந்த ஒரு குடும்பத்தைக் கடத்தல்காரரோடு ஒரே தட்டில் வைப்பது, அந்தக் கடுமையான சட்டத்தின் நோக்கத்துக்கே எதிரானது. உங்கள் மனுவின் முதல் பத்தியிலேயே நீங்கள் யார், எங்கே வாங்கினீர்கள், எந்த வீட்டுக்காக என்பதைக் கட்டட அனுமதி எண்ணோடு சொல்லிவிடுவது நல்லது என்று நான் கருதுவதற்குக் காரணம் அதுதான்.

வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லையே என்று தயங்க வேண்டாம். சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், 1987இன் 12ஆம் பிரிவின்படி, வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. மனுவும் வழக்கும் உங்கள் பெயரிலேயே இருக்கட்டும். உங்கள் வட்டத்து நீதிமன்ற வளாகத்தில் உள்ள வட்டச் சட்டப் பணிகள் குழுவிடம் விண்ணப்பிக்கலாம். ரிட் மனுவுக்கு உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவும் இருக்கிறது. இன்னொன்று, லாரியை நீங்களே அமர்த்திக் கிரஷரிலேயே பணம் கட்டி ஏற்றியதால் மணலின் உரிமையாளர் நீங்கள். லாரியைக் கேட்க வேண்டியவர் அதன் உரிமையாளர். இருவரும் தனித்தனியாக மனுச் செய்யுங்கள். வீடு வந்து இறங்கும் விலைக்குப் பேசி வாங்கியவர்களின் நிலை வேறு. பொருள் வந்து இறங்கும் வரை அது பெரும்பாலும் விற்றவருடையதாகவே கருதப்படும் என்பதால், அவர்கள் விற்றவரையே மாற்று லோடு அனுப்பச் சொல்லிக் கேட்கலாம்.

கேள்வி: ஒரே ஒரு லாரி வைத்துத் தொழில் செய்கிறேன். ஜல்லி ஏற்றி வரும்போது வழியில் டயர் வெடித்து, ஸ்டெப்னி மாற்றிக் கிளம்ப இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகிவிட்டது. அதற்குள் நடைச்சீட்டின் நேரம் முடிந்துவிட்டது. சோதனையில் பிடித்து, திருட்டு வழக்கும் போட்டுவிட்டார்கள். லோடும் கொஞ்சம் கூடுதல் என்கிறார்கள். லாரி காவல் நிலையத்தில் வெயிலில் நிற்கிறது. தவணை கட்ட வழியில்லை.
— வாசகர், கரூர் மாவட்டம்

பதில்: உங்கள் நிலை முந்தைய வாசகியின் நிலையைப் போல அவ்வளவு தெளிவானது அல்ல என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நேரம் முடிந்த சீட்டு, மேலோட்டமாகப் பார்த்தால் செல்லாத சீட்டுதான். ஒரே சீட்டை வைத்து இரண்டு மூன்று நடை அடிப்பவர்களைத் தடுக்கவே அதில் நேரம் குறிக்கிறார்கள். ஆனால் குவாரிக்கு உரிய கட்டணம் கட்டி, முறையான சீட்டோடு கிளம்பிய ஜல்லியை ‘திருடியது’ என்று சொல்வதற்கு அடிப்படை எதுவும் இல்லை. நீங்கள் காட்ட வேண்டியது ஒன்றே: இது அந்தச் சீட்டின் முதல் நடை, தாமதத்துக்கு உண்மையான காரணம் உண்டு. பஞ்சர் கடை ரசீது, டயர் கடைக்காரரின் வாக்குமூலம், அந்த நேரத்தில் நீங்கள் செய்த கைப்பேசி அழைப்புகளின் விவரம், லாரியில் ஜிபிஎஸ் கருவி இருந்தால் அதன் பதிவு, வழியில் சுங்கச்சாவடி இருந்தால் ஃபாஸ்டேக் கணக்கு, வெடித்த டயரின் படம் ஆகியவற்றை இன்றே சேகரியுங்கள். இனிமேல் வழியில் பழுது ஏற்பட்டால், சீட்டின் நேரம் முடிவதற்கு முன்பே கிரஷர்காரருக்கும் கனிமவளத் துறை அலுவலகத்துக்கும் இடத்தின் படத்தோடு செய்தி அனுப்பிவிடுங்கள். அந்தச் செய்தி ஒன்றே உங்களைக் காப்பாற்றியிருக்கும்.

கூடுதல் பாரத்தைப் பற்றிய குழப்பத்தையும் தீர்த்துக்கொள்ளுங்கள். லாரிக்கு அனுமதிக்கப்பட்ட எடைக்கு மேல் ஏற்றுவது மோட்டார் வாகனச் சட்டத்தின் 194ஆம் பிரிவின் கீழான குற்றம். அதற்கு 20,000 ரூபாயும், கூடுதலாக உள்ள ஒவ்வொரு டன்னுக்கும் 2,000 ரூபாயும் அபராதம்; அதிகப்படியான பாரத்தையும் இறக்க வேண்டும். சீட்டில் குறித்த அளவுக்கு மேல் ஏற்றுவது கனிம விதி மீறல். அந்த மீறல் கூடுதலாக உள்ள அளவுக்கு மட்டுமே என்று நீங்கள் வாதிடலாம். இரண்டையும் கலந்து மொத்த லோடும் சட்டவிரோதம் என்று மகஜரில் எழுதியிருந்தால், எடைமேடையில் உங்கள் முன்னிலையில் எடை போட்டார்களா என்று கேளுங்கள். கண்பார்வையில் ‘கூடுதல்’ என்று எழுதியது நிற்காது.

லாரியைப் பொறுத்தவரை, சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் எதிர் குஜராத் அரசு வழக்கில் 2002ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பை உங்கள் வழக்கறிஞர் நிச்சயம் அறிந்திருப்பார். கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையங்களில் நீண்ட காலம் நிறுத்தி வைப்பதால் யாருக்கும் பயனில்லை. விரிவான மகஜரும் புகைப்படங்களும் எடுத்துக்கொண்டு, தகுந்த பிணைமுறி பெற்று உரியவரிடம் ஒப்படைக்க வேண்டும் என்பது அதன் சாரம். காவல்துறை எதையாவது கைப்பற்றினால் உடனே குற்றவியல் நடுவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 106ஆம் பிரிவு கட்டளையிடுகிறது. கைப்பற்றுவதை ஒலி, ஒளிப் பதிவு செய்ய வேண்டும் என்கிறது 105ஆம் பிரிவு. அந்தப் பதிவின் நகலைக் கேளுங்கள். டயர் மாற்றிய அடையாளமும் நீங்கள் சீட்டைக் காட்டியதும் அதில் பதிவாகியிருக்கலாம். அதே சட்டத்தின் 497ஆம் பிரிவின்படி, பொருள் முன்னிலைப்படுத்தப்பட்ட 14 நாட்களுக்குள் நீதிமன்றம் அதன் விவரப் பட்டியலைத் தயாரிக்க வேண்டும். பட்டியலும் படமும் முடிந்த 30 நாட்களுக்குள் அதை என்ன செய்வது என்று உத்தரவிட வேண்டும். பழைய சட்டத்தில் இல்லாத இந்தக் காலக்கெடுவை வைத்தே உங்கள் மனுவை எழுதச் சொல்லுங்கள். பதிவுச் சான்று, காப்பீடு, தகுதிச் சான்று, நிதி நிறுவனத்தின் தடையின்மைக் கடிதம் ஆகியவற்றை மனுவோடு இணைத்துவிட்டால், திருப்பி அனுப்பப்பட்டு நாள் வீணாகாது. நீதிமன்றம் பெரும்பாலும் விதிக்கும் நிபந்தனைகள், வண்டியை விற்கக் கூடாது, நிறத்தை மாற்றக் கூடாது, கேட்கும்போது கொண்டுவர வேண்டும் என்பவை. விடுவித்த பிறகு அவற்றில் ஒன்றையும் மீறாதீர்கள்.

கடிதத்தின் கடைசி வரியில், இடைத்தரகர் ஒருவர் ‘தொகை கொடுத்தால் இன்றே வெளியே வரும்’ என்று சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். கொடுக்காதீர்கள். 2018ஆம் ஆண்டின் திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பதும் குற்றம். வற்புறுத்தலால் கொடுக்க நேர்ந்தவர் 7 நாட்களுக்குள் புகார் செய்தால் மட்டுமே அவருக்குப் பாதுகாப்பு உண்டு. கொடுப்பதற்கு முன்பே ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்பு இயக்ககத்தின் மாவட்டப் பிரிவுக்குச் சென்றுவிடுவதுதான் பாதுகாப்பான வழி.

கேள்வி: சிறிய அளவில் கட்டட ஒப்பந்தம் எடுத்துச் செய்பவன் நான். திருட்டுப் பொருள் என்ற சந்தேகத்தில், என் கிடங்கிலிருந்த முறுக்குக் கம்பிகளையும் சிமெண்ட் மூட்டைகளையும் போலீஸார் எடுத்துச் சென்றார்கள். பில்களைக் காட்டியும் கேட்கவில்லை. ஐந்து மாதங்கள் கழித்து நீதிமன்றம் என்னிடமே ஒப்படைக்க உத்தரவிட்டது. போய்ப் பார்த்தால் சிமெண்ட் எல்லாம் மழையில் நனைந்து கல்லாகியிருக்கிறது. கம்பியில் பாதியைக் காணோம். யாரிடம் கேட்பது?
— வாசகர், சேலம் மாவட்டம்

பதில்: அரசிடம் கேட்கலாம், கேட்க வேண்டும். ‘அரசின் இறையாண்மைப் பணியில் நடந்த தவறுக்கு இழப்பீடு கிடையாது’ என்று யாராவது உங்களிடம் சொல்லியிருந்தால், அவர்கள் 1964ஆம் ஆண்டின் கஸ்தூரிலால் வழக்கோடு நின்றுவிட்டார்கள் என்று பொருள். மீரட் நகரில் 1947இல் ஒரு வணிகரிடம் போலீஸார் கைப்பற்றிய தங்கத்தைத் தலைமைக் காவலர் ஒருவரே எடுத்துக்கொண்டு பாகிஸ்தானுக்கு ஓடிவிட்டார். அப்போதும் அரசு பொறுப்பல்ல என்றுதான் உச்ச நீதிமன்றம் அந்த வழக்கில் தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பை நினைத்தால் இன்றும் மனம் ஒப்பவில்லை. நல்லவேளையாக, சட்டம் அங்கேயே நின்றுவிடவில்லை.

1967இல் குஜராத் அரசு எதிர் மேமன் முகமது ஹாஜி ஹசன் வழக்கில், சுங்க அதிகாரிகள் கைப்பற்றிய வாகனங்கள், கைப்பற்றியதற்கு எதிரான மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே உரிமை கோரப்படாத சொத்து என்று அகற்றப்பட்டன. பிறகு உரிமையாளர் வென்றபோது கொடுக்க வாகனங்கள் இல்லை. கைப்பற்றிய பொருளை அரசு பிறருடைய பொருளை ஒப்படைப்பாகப் பெற்றவரைப் போலக் காக்க வேண்டும், திருப்பித் தர முடியாவிட்டால் மதிப்பைத் தர வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். 1977இல் பசவ்வா எதிர் மைசூர் அரசு வழக்கில், காவல் நிலையத்தில் வைத்திருந்த நகைகள் காணாமல் போயின. போதிய கவனத்தோடு காத்தோம் என்று அரசு நிரூபிக்காதபோது, உரியவருக்கு அதன் மதிப்பைப் பணமாகக் கொடுக்குமாறு குற்றவியல் நீதிமன்றமே உத்தரவிடலாம் என்று தீர்ப்பாயிற்று. உங்கள் காணாமல் போன கம்பிக்கு இந்தத் தீர்ப்பு நேராகப் பொருந்துகிறது. எனவே, ஒப்படைக்க உத்தரவிட்ட அதே நீதிமன்றத்தில், குறைந்த கம்பியின் மதிப்பைக் கேட்டு மனுச் செய்யலாம். தனி வழக்குப் போடும் செலவு உங்களுக்கு இதில் மிச்சம்.

கெட்டுப்போன சிமெண்டுக்கு வலுவான துணை 1994ஆம் ஆண்டின் நாகேந்திர ராவ் எதிர் ஆந்திரப் பிரதேச அரசு வழக்கு. உரமும் தானியமும் விற்ற ஒரு வணிகரின் இருப்பு 1975இல் அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தின் கீழ் கைப்பற்றப்பட்டது. பெரும்பகுதியை விடுவிக்க உத்தரவு வந்தும் அலுவலர் காலத்தோடு விடுவிக்கவில்லை. வணிகர் எடுக்கப் போனபோது சரக்கு அளவிலும் குறைந்து, தரத்திலும் கெட்டிருந்தது. அவர் ஏற்க மறுத்து இழப்பீடு கேட்டார். அதிகாரிகளின் கவனக்குறைவுக்கு அரசு பொறுப்பேற்க வேண்டும், இறையாண்மை என்ற கேடயம் இங்கே செல்லாது என்று உச்ச நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. உங்கள் கதையும் அவர் கதையும் ஏறத்தாழ ஒன்றே.

வழக்கு வெல்ல வேண்டுமானால், பொருளைப் பெற்றுக்கொள்ளும் நாள் மிக முக்கியமானது. ‘எல்லாம் சரியாகப் பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதிய தாளில் கையெழுத்திட்டால் பிறகு பேச இடமில்லை. நல்ல வேளையாக நீங்கள் இன்னும் எடுக்கவில்லை. மகஜரில் எழுதிய எடையையும் மூட்டைக் கணக்கையும் வைத்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்து, இல்லாததையும் கெட்டதையும் குறித்து, ‘குறைபாடுகளுடன், எதிர்ப்புடன் பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதிக் கையொப்பமிடுங்கள். படம் எடுங்கள். மூன்று மாதத்துக்கு மேல் இருந்த சிமெண்டைப் பரிசோதிக்காமல் பயன்படுத்தக் கூடாது என்பது கட்டடத் தொழிலில் உள்ள எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஆனாலும் ஒரு பொறியாளரிடம் சான்று வாங்கிவிட்டால் நீதிமன்றத்தில் விளக்கத் தேவையிருக்காது. இயலுமானால் வழக்கறிஞர் ஆணையர் ஒருவரை நியமித்து நிலையைப் பதிவு செய்யக் கேளுங்கள்.

உரிமையியல் வழக்கு என்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80ஆம் பிரிவின்படி அரசுக்கும் அந்த அலுவலருக்கும் முன்னறிவிப்பு அனுப்பி இரண்டு மாதங்கள் காத்திருக்க வேண்டும். அரசுக்கான அறிவிப்பை அரசுச் செயலாளரிடமோ மாவட்ட ஆட்சியரிடமோ சேர்ப்பிக்கலாம். இங்கே ஒரு பள்ளம் இருக்கிறது, பலர் விழுந்திருக்கிறார்கள். அசையும் பொருளைத் தவறாக எடுத்ததற்கு மூன்று ஆண்டுகள் கெடு என்று காலவரம்புச் சட்டம், 1963இன் 91ஆம் இனத்தைக் காட்டிச் சிலர் நிம்மதியாக இருந்துவிடுகிறார்கள். ஆனால் ஒரு சட்டத்தின்படி செய்ததாகச் சொல்லப்படும் செயலுக்கு இழப்பீடு கேட்பதை 72ஆம் இனமும், சட்ட நடவடிக்கையின் பெயரால் அசையும் பொருளைத் தவறாகக் கைப்பற்றியதற்கு இழப்பீடு கேட்பதை 80ஆம் இனமும் ஓராண்டுக்குள் அடக்குகின்றன. 80ஆம் இனத்தில் அந்த ஓராண்டு கைப்பற்றிய நாளிலிருந்தே ஓடுகிறது. அரசுத் தரப்பு அந்த ஓராண்டைத்தான் எடுத்துக்காட்டும். முன்னறிவிப்புக் காலமான இரண்டு மாதங்கள் கணக்கிலிருந்து கழிக்கப்படும் என்றாலும், அதை நம்பி இருக்க வேண்டாம். உங்களுக்கு ஐந்து மாதங்கள் ஏற்கெனவே போய்விட்டன. முன்னறிவிப்பு இந்த வாரமே போகட்டும்.

அந்தக் காவல் அலுவலர்மீது தனியாக வழக்குப் போடலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். நல்லெண்ணத்தோடு செய்த செயல் என்று அவர் தரப்பு சொல்லும். குற்ற வழக்கானால் பெரும்பாலும் அரசின் முன் அனுமதியும் தேவைப்படும். பில்லைக் காட்டியும் எடுத்துச் சென்றார் என்பதற்குச் சாட்சி இருந்தால், துறை நடவடிக்கை கோரி மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு மனுக் கொடுங்கள். ஆனால் உங்கள் பணத்தையும் நேரத்தையும் முதலில் இழப்பீட்டு வழக்கில் செலவிடுங்கள் என்பதே என் ஆலோசனை.

கேள்வி: மாநகராட்சியிடம் எழுத்து மூலம் அனுமதி பெற்று, கட்டணமும் கட்டி, வீட்டு முன் தெருவோரம் ஜல்லியும் செங்கலும் இறக்கியிருந்தோம். அனுமதிக் காலம் முடியாத நிலையில், முன்னறிவிப்பு இல்லாமல் ஊழியர்கள் அள்ளிக்கொண்டு போய்விட்டார்கள்.
— வாசகர், கோயம்புத்தூர்

பதில்: தெருவை மறிக்கும் பொருளை அகற்றும் அதிகாரம் உள்ளாட்சி அமைப்புக்கு உண்டு, அனுமதி பெற்றவரும் வடிகாலையும் நடந்து செல்வோரையும் மறிக்காமல்தான் வைக்க வேண்டும். ஆகவே, அனுமதிக் கடிதத்தில் சொன்ன நீள அகலத்துக்குள் உங்கள் குவியல் இருந்ததா என்று முதலில் நீங்களே சரிபாருங்கள். இருந்தது என்றால், அந்த அமைப்பு தானே கொடுத்த அனுமதியை ரத்து செய்யாமலும் உங்களைக் கேட்காமலும் எடுத்தது முறையல்ல. மும்பை நடைபாதைவாசிகள் தொடர்பான ஓல்கா டெல்லிஸ் வழக்கில் 1985இல், முன்னறிவிப்பின்றி அகற்றலாம் என்று சட்டமே சொன்னபோதும், கேட்டறிந்த பின் அகற்றுவதே பொதுவிதி, கேட்காமல் அகற்றுவது அவசர நிலைக்கான விலக்கு மட்டுமே என்று உச்ச நீதிமன்றம் விளக்கியது. அனுமதிக் கடிதம், கட்டண ரசீது, பக்கத்து வீட்டுக் கண்காணிப்புக் கேமராப் பதிவு ஆகியவற்றோடு மாநகராட்சி ஆணையருக்கு மனுக் கொடுத்து, பொருளையோ அதன் மதிப்பையோ கேளுங்கள். கேமராப் பதிவுகள் சில நாட்களிலேயே தானாக அழிந்துவிடும் என்பதால், அதை மட்டும் இன்று மாலைக்குள் வாங்கிவிடுங்கள்.